வெட்டிய இடத்தில் கோழி

ஹில்டாவுக்கு எடிட்டிங் வேலையைத் தேடிக்கொடுத்தவை அவளுடைய பத்து விரல்கள். எண்பத்து நாலில், காட்டுப்பாக்கத்தில் சிறார் கல்விப் படக்கூடம் என்று அரசாங்கம் ஒரு மஞ்சள் கட்டடத்தைத் திறந்தபோது அவள் அங்கே டைப்பிஸ்ட். ஜப்பானிலிருந்து எடிட்டிங் இயந்திரம் வந்து இறங்கியது. பெட்டியைப் பிரித்த அதிகாரிகள் அதிலிருந்த பொத்தான்களைக் கண்டு கொஞ்சம் பின்வாங்கினார்கள். யார் அழுத்துவது என்று முடிவு செய்யக் கூட்டம் போட்டார்கள். பார்க்காமலே பத்து விரலாலும் அழுத்தக்கூடிய ஆள் அலுவலகத்தில் ஒருத்திதான் என்பது தேநீருக்குப் பிறகு தெளிவாயிற்று. அவளை வடக்கே பயிற்சிக்கு அனுப்பினார்கள். திரும்பி வந்தவளைக் குளிரூட்டிய அறை ஒன்றில் உட்காரவைத்தார்கள். அந்தக் குளிர், இயந்திரத்துக்காகத்தான், அவளுக்காக அல்ல என்பதை ஒரு சுற்றறிக்கையில் தெரிவித்தார்கள்.

வேலை அவளுக்குப் பிடித்துவிட்டது. அதுதான் வினை. பிடிக்காத வேலையாக இருந்திருந்தால் அதில் தன் பெயர் வர வேண்டும் என்று தோன்றியிருக்காது.

வீடு ஆவடிக்குப் பக்கத்தில், பருத்திப்பட்டில். கணவன் அருள்தாஸ் அம்பத்தூர் எஸ்டேட்டில் ஒரு பட்டறையில் லேத் ஓட்டினான். வீடு கட்டி முடிந்தபோது தாலியைத் தவிர அவள் நகை எல்லாம் சுவருக்குள் போயிருந்தது. பெயராவது அவளுடையதாக இருக்கட்டும் என்று காம்பவுண்டுச் சுவரில் நீலப் பெயிண்டில் 'ஹில்டா இல்லம்' என்று பெரிதாக எழுதவைத்தான். பொண்டாட்டி பேரையா வைப்பார்கள் என்று தெருவில் கேட்டதற்கு, "செங்கல்லு அவளுது, பெயிண்டு என்னுது" என்றான்.

அடுத்த வீடு வரலட்சுமியுடையது. பழைய ஊர்க்காரி. அவர்கள் வயலை அறுத்துத்தான் இந்தத் தெருவுக்கே மனை போட்டார்கள். அதனால் தெருவில் யார் என்ன செய்தாலும், தன் வயலில் அடுத்தவன் மாடு மேய்வதைப் பார்ப்பதுபோலத்தான் பார்ப்பாள்.

ஹில்டா வெட்டி ஒட்டிய முதல் நிகழ்ச்சி காய்கறிகளைப் பற்றியது. அரசுப் பள்ளிகளில் கொடுத்திருந்த டிவிப் பெட்டிகளுக்காக வாரநாளில் ஒருமுறை ஒளிபரப்பானது, சனிக்கிழமை காலை மறுமுறை. அந்தச் சனிக்கிழமைக்கு ஹில்டா தெருவையே அழைத்தாள். கிறிஸ்மஸுக்கு மட்டும் செய்கிற அச்சுமுறுக்கை ஆகஸ்டில் செய்தாள். அருள்தாஸ் மரக்கதவு வைத்த டிவியின் பூட்டைத் திறந்தான். கத்தரிக்காயும் வெண்டைக்காயும் வந்தன. வல்லுநர் ஒருவர் வந்து வெண்டைக்காயைக் கையில் பிடித்துக்கொண்டு நெடுநேரம் பேசினார். பிறகு பெயர்கள். ஆலோசனை, மேலாலோசனை, பாட வல்லுநர், ஒருங்கிணைப்பு, மேற்பார்வை. அடுத்து படத்தொகுப்பு வர வேண்டும். வரவில்லை. உழவர்களுக்கு வானிலை வந்தது.

"இன்னாக்கா," என்றாள் வரலட்சுமி, முறுக்கைக் கடித்தபடி. "டிவில வேல பாக்குறேன்னு சொன்ன. பேரக் காணமே. பெருக்குற வேலையா?"

"பேரு கடைசில வரும். நேரம் பத்தல."

"பெருக்குறவங்களும் கடைசிலதான் வருவாங்க."

தெரு சிரித்தது. அருள்தாஸும் சிரித்துவிட்டு, பிறகு சிரிக்காதவன்போல டிவிக் கதவை இழுத்துப் பூட்டினான்.

நேரம் பத்தவில்லை என்று ஹில்டா சொன்னது உண்மை. நிகழ்ச்சி இருபது நிமிஷத்துக்கு மேல் ஒரு விநாடி போகக் கூடாது. பெயர்கள் பதவி வரிசையில் வந்தன, எடிட்டர் கடைசி. வருஷத்துக்கு இரண்டு புதுப் பதவி உண்டானது. ஒவ்வொரு பதவிக்கும் ஒரு பெயர், ஒவ்வொரு பெயருக்கும் மூன்று விநாடி. மிஞ்சுவதை வெட்ட வேண்டும். வெட்டுகிற கை ஹில்டாவுடையது. ஒவ்வொரு நிகழ்ச்சிக்கும் அவள் தன் பெயரை ஒட்டுவாள், நேரம் பார்ப்பாள், தன் பெயரை வெட்டுவாள். வேறு யாருக்கும் அந்தப் பொத்தான் எது என்றுகூடத் தெரியாது.

நிகழ்ச்சி தயாரானதும், ஒளிபரப்புக்கு முன்னால், பார்வைக் குழு என்று ஒன்று உட்காரும். அதன் தலைவர் இணை இயக்குநர் ராஜசேகரன். இதற்கு முன்னால் வேறொரு துறையில் ஏரி குளங்களைப் பார்த்துக்கொண்டிருந்தவர். தூர் வாருவதில் பழக்கம் உண்டு என்பதால் குழந்தைகளையும் வாரினார். மழை பற்றிய பாடத்தில் ஒரு சிறுமி கையை நீட்டி மழைத் துளியைப் பிடித்துவிட்டு முன்பல் இல்லாத வாயால் சிரித்தாள். அந்தச் சிரிப்பு எங்கே தொடங்கி எங்கே முடிய வேண்டும் என்று பார்த்துப் பார்த்து ஹில்டா ஒரு வாரம் உட்கார்ந்திருந்தாள். ராஜசேகரன் விளக்கைப் போடச் சொன்னார்.

"என்னம்மா இது, பொண்ணு நனையுது?"

"மழை சார்."

"மழைன்னா நனையணுமா? இதப் பார்த்துட்டு நாளைக்கு எல்லாப் பிள்ளையும் நனையும். சளி பிடிச்சா எவன் பதில் சொல்றது? எடுத்துடுங்க. பல்லும் இல்லை."

இப்படித்தான். விரல் விட்டு எண்ணிய பையன் போனான், புதுக் கணிதத்தில் விரல் கிடையாது. சட்டைப் பொத்தான் இல்லாதவன் போனான், அரசு சீருடைக்கு அவமானம். தவளையைப் பார்த்து "அய்யே" என்று துள்ளியவள் போனாள், அறிவியல் மனப்பான்மை குறைவு. குழந்தைகளுக்கான நிகழ்ச்சியிலிருந்து குழந்தைகளைத் துப்புரவாக எடுத்த பிறகு வல்லுநரின் தலை மட்டும் மிஞ்சும். அது சுத்தமாக இருக்கும்.

வெட்டச் சொல்வது அவர்களுக்குச் சுலபம். வீடியோ நாடாவின் நடுவே ஒரு துண்டை எடுத்தால் அந்த இடம் கருப்பாக நிற்கும். எடுத்த அளவுக்கே சரியாக இன்னொரு படத்தை அங்கே வைக்க வேண்டும். இல்லாவிட்டால் அதற்குப் பிறகு வருவதையெல்லாம் புதிதாக ஒட்ட வேண்டும். அதற்கு நேரமும் கிடையாது, அனுமதியும் கிடையாது. ஆகவே கூடத்தில் ஒரு சூரியகாந்திப் பூ இருந்தது. யாரோ எப்போதோ படம் பிடித்தது. வெட்டிய இடத்திலெல்லாம் ஹில்டா அந்தப் பூவை வைத்தாள். மழைப் பாடத்திலும் பூ, கணக்கிலும் பூ, தவளை இருந்த இடத்திலும் பூ. மூன்று வருஷம் ஆடிய பூ நாடாவிலேயே தேய்ந்து, கடைசியில் மஞ்சளாக ஏதோ ஒன்று என்கிற நிலைக்கு வந்தது.

புதிதாக ஒரு நிரப்புப் படம் வேண்டும் என்று குழு கூடியது. கோபுரம் என்றார் ஒருவர். அப்படியானால் சர்ச்சும் மசூதியும் வேண்டும் என்றார் இன்னொருவர். பசு என்றதும் இரண்டு பேர் தொண்டையைச் செருமினார்கள். கோழி என்று ஹில்டா சொன்னாள். அறையின் மூலையிலிருந்து குரல் வந்ததால் யார் சொன்னது என்று யாரும் திரும்பிப் பார்க்கவில்லை.

"கோழி நல்லது," என்றார் ராஜசேகரன். "கோழிக்குச் சாதி மதம் இல்லை. முட்டை போடற மாதிரி மட்டும் காட்ட வேண்டாம். சைவக்காரங்க எழுதிப் போடுவாங்க."

கூடத்தின் கேமராக்காரன் வேம்புலி வேலப்பன்சாவடிக்காரன். ஆவடிப் பக்கம் வேறு படப்பிடிப்புக்குப் போன வண்டியை ஒரு நாள் பருத்திப்பட்டுக்குத் திருப்பினான். ஹில்டாவின் வீட்டில் ஒரு செவலைக் கோழி இருந்தது. அவள் காம்பவுண்டுச் சுவரின் அடியில், எழுத்துக்கு நேர் கீழே, ஒரு பிடி நொய்யைத் தூவினாள்.

"இன்னாத்துக்குக்கா அங்கியே போட்ற? கொல்லப் பக்கம் வெளிச்சம் சோக்கா கீது," என்றான் வேம்புலி.

"அது இங்கதான் மேயும்."

"நீ எங்க நொய்ய போட்டாலும் அங்கதான் மேயும். கோயிக்கு இன்னா வாஸ்து பாக்கவா தெரியும்?"

"கொஞ்சம் மேல தூக்கிப் பிடி, வேம்புலி. சுவரும் தெரியட்டும்."

வேம்புலி கண்ணைக் கேமராவில் வைத்தான். எடுத்தான். சுவரைப் பார்த்தான், அவளைப் பார்த்தான்.

"அடி கெட்டிக்காரி," என்றான். "முருங்க மரம் குறுக்க கீது. 'இல்லம்' தெரியாது, பரவால்லயா?"

"இல்லம் எனக்கெதுக்கு?"

பார்வைக் குழு கோழியைப் பார்த்தது. கோழி கொத்தியது, நிமிர்ந்தது, ஒரு பக்கக் கண்ணால் குழுவைப் பார்த்தது, மறுபடி கொத்தியது. அதற்குப் பின்னால் நீலத்தில் ஹில்டா. அந்தச் சொல்லைப் பற்றி யாரும் கேட்கவில்லை. அலுவலகத்தில் அவள் பெயர் எடிட்டிங்கம்மா. ராஜசேகரன் அப்படித்தான் கூப்பிட்டார், அதனால் மற்றவர்களும். ஹில்டா என்பது அவர்களுக்கு ஒரு சுவரில் எழுதியிருந்த ஏதோ ஒன்று. சோப்பு விளம்பரமாகவும் இருக்கலாம்.

அன்றிலிருந்து கணக்கு நேரானது. அவர்கள் ஒரு குழந்தையை வெட்டினால் அவள் பெயர் ஒருமுறை வரும். நிறைய வெட்டினால் நிறைய வரும். தேசியத் தலைவர்களின் இளமைப் பருவம் பற்றிய நிகழ்ச்சியைக் குழு குதறிய குதறலில் ஹில்டா பதினோரு தடவை வந்தாள். அந்த வாரம் வீட்டில் பாயசம்.

தெருவும் பார்த்தது. முதல் தடவையே வரலட்சுமி எழுந்து நின்றுவிட்டாள்.

"ஐய! உங்க ஊட்டுக் கோயி!"

"சுவத்தப் பாரு," என்றாள் ஹில்டா.

"சொவுரு கெடக்குது. கோயி இன்னா ஜோரா பாக்குது பாரு! நடிகை தோத்தா!"

தெருவில் போகிறவர்கள் நின்று கோழியைப் பார்த்துவிட்டுப் போனார்கள். பருத்திப்பட்டு ஏரிப் பக்கமிருந்துகூட ஆள் வந்தது. சிலர் நொய் கொண்டுவந்தார்கள். ஹில்டா வாசலில் நின்றால், "கொஞ்சம் நகுருக்கா, மறைக்குது" என்றார்கள்.

எண்பத்தெட்டு கிறிஸ்மஸுக்கு அருள்தாஸின் அண்ணன் குடும்பம் சொல்லாமல் கொள்ளாமல் வந்து இறங்கியது. கடையில் கோழி தீர்ந்துவிட்டது. அருள்தாஸ் கொல்லைப் பக்கம் போனான். திரும்பி வந்தபோது விஷயம் முடிந்திருந்தது. டிவியில் நடித்த கோழியைத் தின்கிற பாவிகள் என்று வரலட்சுமி சுவருக்கு அந்தப் பக்கம் நின்று ஒரு மூச்சு அழுதாள். கிண்ணத்தில் கொஞ்சம் அனுப்பியதும் வாங்கிக்கொண்டு, கால் பகுதி இல்லையே என்றாள்.

இறந்த பிறகுதான் கோழிக்கு நல்ல காலம். அடுத்த நாலைந்து வருஷத்தில் குழுவில் ஆள் கூடியது, வெட்டும் கூடியது. தாவரங்கள், கோள்கள், நீதிக்கதை, உடல்நலம் எல்லாவற்றிலும் அது வந்து கொத்திவிட்டுப் போனது.

தொண்ணூற்று மூன்றில் புது உத்தரவு ஒன்று வந்தது. அறைக்குள் இருக்கிறவர்களும் வெளியே போய்க் குழந்தைகளைப் பார்த்து வர வேண்டும். வேப்பம்பட்டுக்கு உள்ளே ஒரு பள்ளிக்கூடத்துக்குக் கூடத்தின் வண்டி போனது. ராஜசேகரன் முன்னால், ஹில்டா பின்னால், வேம்புலி கேமராவோடு எல்லோருக்கும் பின்னால். பிள்ளைகளை மரத்தடியில் உட்காரவைத்திருந்தார்கள். ராஜசேகரன் கல்வியின் பயன் பற்றிப் பேச எழுந்தார். அந்த நேரம் பார்த்து யார் வீட்டுக் கோழியோ ஒன்று மைதானத்தின் குறுக்கே நடந்தது.

"ஹில்டா!" என்று ஒரு பிள்ளை கத்தியது.

மொத்தப் பள்ளிக்கூடமும் எழுந்தது. "டேய் ஹில்டா! ஹில்டா வந்துட்சு டோய்! ஹில்டா, பா பா பா!"

ஹில்டா ஒரு அடி முன்னால் எடுத்து வைத்துவிட்டாள். பிள்ளைகள் அவளைச் சுற்றிக்கொண்டு கோழியின் பின்னால் ஓடினார்கள்.

"டிவில வர்ற கோழி பேரு சார்," என்று வாத்தியார் ராஜசேகரனிடம் விளக்கினார். "அதுக்குப் பின்னாடியே பேரு எழுதியிருக்குமே. பசங்க எழுத்துக் கூட்டிப் படிச்ச முதல் வார்த்தையே அதுதான் சார். எங்கூர்ல எல்லாக் கோழிக்கும் இப்ப அதான் பேரு."

வேம்புலி அவள் காதருகில் வந்தான். "யக்கா, உன்னியத்தான் கூப்புட்றானுங்க. போ, போயி ரெண்டு கொத்து கொத்து."

"வாயை மூடு."

"உன் பேரு ஊரூரா பூட்ச்சு. நீதான் போவல."

ராஜசேகரனுக்கு மெய்சிலிர்த்துவிட்டது. இத்தனை வருஷ நிகழ்ச்சிகளில் பிள்ளைகள் எதையாவது நினைவில் வைத்திருந்ததற்கு அவர் கண்ட முதல் சாட்சி அது. வண்டியில் திரும்பும்போதே தொடருக்குப் பெயர் வைத்தார்: 'ஹில்டா சொல்லும் கணக்கு'. கோழியின் வழியாகக் கற்பித்தல் என்று டெல்லியில் ஒரு கருத்தரங்கில் கட்டுரை வாசித்துவிட்டு வந்தார். சால்வை போட்டார்கள்.

தொடரின் முதல் பகுதி தயாரானபோது தொழிற்சங்கம் முட்டிமோதி ஒரு காரியம் சாதித்திருந்தது. இனி தொழில்நுட்ப ஆட்களின் பெயருக்கான நேரத்தில் கை வைக்கக் கூடாது. ஹில்டா நம்பவில்லை. ஓவியர் பெயர் அட்டைகளை எழுதிக் காயவைத்ததைப் பார்த்த பிறகு நம்பினாள். கருப்பு அட்டை, வெள்ளை எழுத்து. வெள்ளை மட்டும் படத்தின் மேல் ஏறும், கருப்பு தெரியாது. படத்தொகுப்பு என்று மேலே, ஹில்டா என்று கீழே. அன்று மாலையே பருத்திப்பட்டில் எல்லா வீட்டுக் கதவையும் தட்டினாள். வரும் சனிக்கிழமை என்றாள். வரலட்சுமியிடம் இரண்டு தடவை சொன்னாள்.

ஒவ்வோர் அட்டையின் பின்னாலும் ராஜசேகரன் கையெழுத்துப் போட்டால்தான் அது ஏறும். மறுநாள் அவளைக் கூப்பிட்டனுப்பினார்.

"எடிட்டிங்கம்மா, இதுல யாரோ கோழி பேரை எழுதி வெச்சிருக்கான்."

"அது என் பேரு சார்."

அவர் அட்டையைப் பார்த்தார், அவளைப் பார்த்தார். "எப்பலேர்ந்து?"

"ஞானஸ்நானத்துலேர்ந்து சார்."

"அடடா. சொல்லவே இல்லையே. கோழிக்குப் போய் உங்க பேரை வெச்சுட்டானுங்களே, பாவம்." உண்மையாகவே வருத்தப்பட்டார். "ஆனா இது வேண்டாம்மா. பிள்ளைங்க என்ன நினைக்கும்? கோழி எடிட் பண்ணுச்சுன்னு நினைக்கும். சட்டசபையில ஒருத்தன் கேட்டான்னா நான் என்ன பதில் சொல்றது? திருமதி அருள்தாஸ்னு போட்டுக்கலாமே."

"அப்ப அவரு எடிட் பண்ணாருன்னு நெனைப்பாங்க சார். அவரு லேத்து ஓட்டுறாரு."

"நினைச்சா என்ன, குடும்பம் ஒண்ணுதானே?"

"அப்ப பேரே வேணாம் சார்."

"நல்லது." அவர் ஓவியரின் தூரிகையை வரவழைத்து, கருப்பு மையில் தோய்த்து, ஹில்டா என்பதன் மேல் தானே அழுத்தமாகப் பூசினார். பின்னால் திருப்பிக் கையெழுத்துப் போட்டார். "ஆனா அந்த மூணு விநாடி கருப்பா நிக்கக் கூடாது. பார்த்துக்குங்க."

"நிக்காது சார்."

பெயரைத்தான் பூசினார். மேலே இருந்த சொல்லைத் தொடவில்லை. ஹில்டா அட்டையை எடுத்துக்கொண்டு குளிர் அறைக்குப் போனாள். வெட்டிய இடத்தில் எதை வைப்பது என்பது அந்தக் கூடத்தில் என்றோ முடிவான விஷயம். குழு பார்த்தபோதும் தடை எதுவும் வரவில்லை. அங்கே ஒரு பழக்கம் உண்டு. அவரவர் பெயர் வந்ததும் அவரவர் எழுந்து போய்விடுவார்கள். ராஜசேகரன் பெயருக்குப் பிறகு அறையில் மின்விசிறி மட்டும்தான் இருந்தது.

சனிக்கிழமை தெரு வந்தது. இப்போது கலர் டிவி. அச்சுமுறுக்கு அதேதான். கோழி ஒன்றிலிருந்து பத்துவரை சொல்லிக்கொடுத்தது, பாயில் உட்கார்ந்திருந்த பொடிசுகள் கூடவே கத்தின. பெயர்கள் வந்தன. ஆலோசனை, மேலாலோசனை, மேற்பார்வை, பெருமேற்பார்வை. ராஜசேகரன் வந்து போனார். வரலட்சுமி முறுக்கை வாய்க்கருகில் நிறுத்திவைத்துக்கொண்டு ஹில்டாவை ஒரு பார்வை பார்த்தாள்.

'படத்தொகுப்பு' என்று வெள்ளையில் ஏறியது. அதன் கீழே செவலைக் கோழி நடந்து வந்தது. கொத்தியது. நிமிர்ந்தது. அதற்குப் பின்னால் சுவரில், வெயில் நேராக விழ, நீலத்தில் ஹில்டா.

"ஹில்டா!" என்று பொடிசுகள் கைதட்டின.

"ஏய்," என்றான் அருள்தாஸ், டிவியை உற்றுப் பார்த்து. "இது நம்ம எண்பத்தெட்டு கிறிஸ்மஸ் ஆச்சே."

உழவர்களுக்கு வானிலை தொடங்கியது. வரலட்சுமி மடியிலிருந்த முறுக்குத் தூளைத் தட்டிக்கொண்டு எழுந்தாள்.

"கொழம்புல வெந்த கோயி பேரே வந்துட்ச்சு," என்றாள். "உன் பேரு எப்பக்கா வரும்?"

தட்டில் ஒரு முறுக்குதான் மிச்சமிருந்தது. வரலட்சுமியின் கை அதற்கு நீண்டது. ஹில்டா அதை எடுத்துத் தன் வாயில் போட்டுக்கொண்டாள்.